நடுப்பகல் கதைகளின் பின்னே நிற்பவர்: திருக்கழுக்குன்றத்துச் சகோதரிகளுக்கு ஒரு திறந்த மடல்

திருக்கழுக்குன்றத்திலும் அதைச் சூழ்ந்த சிற்றூர்களிலும் பிற்பகல் வேளையில் தொலைக்காட்சித் தொடர் காணும் சகோதரிகளுக்கும் தாய்மார்களுக்கும்,



நம் ஊர்த் தேரடியிலும், பேருந்து நிலையத்தை அடுத்த தேநீர்க் கடைகளிலும் மாலை வேளையில் கூடிப் பேசும் பெரியவர்களுக்கு உலக விவகாரங்கள் தீர்ந்துபோகும் சமயங்களில், உங்கள் மீது ஒரு குற்றச்சாட்டு எழுவது வழக்கம்: பிற்பகல் முழுவதும் சீரியலின் முன் உட்கார்ந்து நேரத்தையும் புத்தியையும் குடும்ப நிம்மதியையும் ஒருங்கே தொலைக்கிறீர்கள் என்பது. இந்தத் தீர்ப்பை வழங்குகிறவர்களில் பலர், இரவு ஒன்பது மணிக்குச் செய்திச் சேனலில் நால்வர் ஒருவரையொருவர் பேசவிடாமல் கூச்சலிடுவதை ஒரு நாளும் தவறவிடாதவர்கள் ஆகையால், அதற்குப் பெரிய மதிப்பு எதுவும் கொடுக்க வேண்டியதில்லை. ஆயினும் அதைக் கேட்டுக் கேட்டு நீங்களே உங்கள் ரசனையைப் பற்றிச் சற்றுக் கூச்சத்தோடு பேசப் பழகிவிட்டீர்கள் என்பதையும், ‘சும்மா, வேலை செஞ்சுகிட்டே பாக்குறதுதான்’ என்று மன்னிப்புக் கேட்கும் தொனியில் சொல்லிவிட்டுப் பேச்சை மாற்றுகிறீர்கள் என்பதையும் கவனித்தபோது, உங்களுக்கு ஒரு மடல் எழுதத் தோன்றியது. உங்களுக்காக வாதாடுவது இதன் முதல் நோக்கமன்று. நீங்கள் நாள்தோறும் காணும் கதைகளின் பின்னே நின்று, முகம் காட்டாமல், அவற்றை நாள் தவறாமல் உங்கள் வீட்டுக்கு அனுப்பிவைக்கும் ஓர் உத்தியோகஸ்தரை, நிர்வாகத் தயாரிப்பாளர் என்ற பெயருடையவரை, உங்களுக்கு அறிமுகம் செய்துவைப்பதே நோக்கம். அவரை அறிந்தபின், புகழ வேண்டியதை உரியவரிடம் புகழவும், வைய வேண்டியதை உரிய இடத்தில் வையவும் உங்களுக்கு வசதியாக இருக்கும்.

நடுப்பகலில் ஒரு காட்சிக்காகக் காத்திருப்பது நம் ஊருக்குப் புதிதன்று. வேதகிரீசுவரர் மலைமேல் உச்சி வேளையில் இரண்டு கழுகுகள் வந்திறங்கி, தமக்கென்று படைத்த சர்க்கரைப் பொங்கலை உண்டுவிட்டுப் பறந்து செல்லும் காட்சியைக் காண, ஐந்நூறுக்கு மேற்பட்ட படிகளை வெயிலில் ஏறி வந்து, வானத்தைப் பார்த்தபடி நின்ற தலைமுறைகள் பல. காசியில் நீராடி, இங்கே உண்டு, இராமேசுவரத்தில் தங்குகின்றன என்று அப்பட்சிகளின் தினசரிப் பிரயாணத்துக்கு ஓர் அட்டவணையே நம் முன்னோர் வகுத்து வைத்திருந்தனர். 1990களின் இறுதியில் அந்த வருகை நின்றுபோயிற்று; கால்நடைகளுக்குக் கொடுக்கப்பட்ட வலி மருந்தொன்றினால் நாடெங்கும் கழுகினங்கள் அழிந்துகொண்டிருந்த காலம் அது. ஏறத்தாழ அதே ஆண்டுகளில்தான் நம் வீடுகளில் நண்பகல் தொடர்கள் நிலைகொள்ளத் தொடங்கின. இரண்டுக்கும் சம்பந்தம் கற்பிக்கும் எண்ணம் எனக்கில்லை. ஆனால் குறித்த நேரத்தில் குறித்த ஒன்று வந்தே தீரும் என்ற நம்பிக்கை, வருவது எதுவாயினும், மனிதருக்கு எத்தனை பெரிய ஆறுதல் என்பதை வேறு எந்த ஊராருக்கு விளக்கினாலும் இந்த ஊராருக்கு விளக்க வேண்டியதில்லை.

சென்னையில் தொலைக்காட்சி நிலையம் 1975ஆம் ஆண்டு ஆகஸ்டு 15ஆம் நாள் தொடங்கியபோது, பிற்பகல் என்பது தொலைக்காட்சிக்கு உரிய வேளையாகவே இருக்கவில்லை. 1980களில் சிவசங்கரியின் கதையில், குடிக்கு அடிமையானவனாக ரகுவரன் நடித்த ‘ஒரு மனிதனின் கதை’ போன்ற வாரத் தொடர்களுக்காக, பெட்டி வைத்திருந்த ஒரே வீட்டில் தெருவே கூடியது உங்களில் மூத்தவர்களுக்கு நினைவிருக்கும். 1993 ஏப்ரல் 14ஆம் நாள் சன் தொலைக்காட்சி வந்தது. மறு ஆண்டே தூர்தர்ஷனில் ‘சாந்தி’ என்ற இந்தித் தொடர் பிற்பகலில் நாள்தோறும் ஒளிபரப்பாகி, நண்பகலிலும் கதை கேட்க இந்நாட்டில் ஒரு பெருங்கூட்டம் உண்டு என்பதை விளம்பரக்காரர்களுக்கு மெய்ப்பித்தது. அதற்குப் பின், 2006இல் தொடங்கி ஒன்றரைக் கோடிக்கு மேற்பட்ட வண்ணத் தொலைக்காட்சிப் பெட்டிகளைத் தமிழக அரசே இலவசமாக வழங்கியதும், 2011இல் மாதம் 70 ரூபாய்க்கு அரசு கேபிள் இணைப்புக் கிடைத்ததும் சேர்ந்து, கடைசிக் குடிசை வரை அந்தக் கூட்டத்தில் சேர்த்துவிட்டன. அக்கூட்டத்தில் நீங்கள் மட்டுமே இருப்பதாகத் தேரடிப் பெரியவர்கள் எண்ணுவது பிசகு. கல்பாக்கத்தில் இரவு ஷிப்ட் முடித்துவிட்டுப் பகலில் உறங்கி எழுந்தவரும், கம்பெனி பஸ்ஸில் விடியற்காலம் வந்திறங்கிய இளைஞரும், ஓய்வூதியம் வாங்கும் தாத்தாவும் உங்களோடு உட்கார்ந்து பார்க்கத்தான் பார்க்கிறார்கள். வெளியில் சொல்லிக்கொள்வதில்லை, அவ்வளவே.

இப்போது அந்த உத்தியோகஸ்தரிடம் வருவோம். கதாநாயகியை நீங்கள் அறிவீர்கள். வில்லியை அவள் புடவைக் கரை வரைக்கும் அறிவீர்கள். இயக்குநரின் பெயரும் சிலருக்குத் தெரியும். ஆனால் வில்லியாக நடிக்கும் பெண்மணிக்குச் சினிமா வாய்ப்பு வந்து, மாதத்தில் நான்கு நாள் கால்ஷீட்தான் தர முடியும் என்று அவர் சொல்லிவிட்டால், அந்தக் கதாபாத்திரத்தை வெளிநாட்டுக்கு அனுப்புவதா, படுக்கையில் கிடத்துவதா, அல்லது ‘இவருக்குப் பதில் இவர்’ என்று ஓர் அறிவிப்புப் போட்டுவிட்டு வேறொரு முகத்தைக் கொண்டுவருவதா என்று அன்று மாலைக்குள் தீர்மானிப்பவர் எவர்? எழுத்தாளர் எழுதிய கல்யாணக் காட்சிக்கு மண்டபமும் இருநூறு துணை நடிகர்களும் தேவை என்றும், கையிலுள்ள பணமோ ஒரு பூஜை அறைக்கும் ஒரு டெலிபோனுக்கும்தான் போதும் என்றும் கணக்குப் பார்த்து, அந்தக் கல்யாணத்தையே ஒரு தொலைபேசிச் செய்தியாகச் சுருக்குபவர் எவர்? படப்பிடிப்பு வீட்டின் வாடகை, யூனிட்டின் சாப்பாடு, வசனகர்த்தாவின் காய்ச்சல், சேனலிலிருந்து வரும் ஆட்சேபம், விளம்பரதாரரின் மனஸ்தாபம் ஆகிய எல்லாம் வந்து சேரும் மேஜை ஒன்று உண்டு. அதன் பின்னே உட்கார்ந்திருப்பவரே நான் சொல்லும் நபர். அந்த ஸ்தானத்துக்கு ஒவ்வொரு நிறுவனமும் ஒவ்வொரு பெயர் சூட்டுகிறது. கிரியேட்டிவ் ஹெட் என்பார்கள், தயாரிப்புத் தலைமை என்பார்கள். வேலை ஒன்றுதான்: நாளைய கதை நாளை போய்ச் சேர வேண்டும்.

இதில் பணத்தின் கணக்கும் ஒன்று உண்டு; அதை அறியாமல் தமிழ்த் தொடர்களின் குணத்தை அறிய முடியாது. தூர்தர்ஷன் காலத்திலும், அதன்பின் நெடுங்காலம் தனியார் சேனல்களிலும், தயாரிப்பாளர் சேனலுக்குக் கட்டணம் செலுத்தி அரை மணி நேரத்தை வாங்கிக்கொள்வார். அந்த ஸ்லாட்டுக்குள் தமக்குக் கிடைக்கும் விளம்பர விநாடிகளைத் தாமே சோப்புக்கும் மசாலாத் தூளுக்கும் நகைக்கடைக்கும் விற்று, போட்ட முதலை எடுக்க வேண்டும். ஆகவே அவர் பாதி கலைஞர், பாதி வியாபாரி. மூன்றாவது பாதி ஒன்று இருக்குமானால் அது கடன்காரர். விளம்பரம் போக இருபத்திரண்டு நிமிஷத்தை ஒட்டிய கதையை வாரத்தில் ஆறு நாள் தருவதற்கு, சில நாள்களுக்குப் போதுமான அத்தியாயங்களை எப்போதும் முன்கூட்டியே எடுத்துக் கையிருப்பில் வைக்க வேண்டும். அந்தக் கையிருப்பு எத்தனை மெலிந்தது என்பது 2020 மார்ச்சில் கொரோனா ஊரடங்கால் படப்பிடிப்புகள் நின்றபோது உலகத்துக்கே தெரிந்தது: சில நாள்களில் புதுக்கதை தீர்ந்து, சேனல்கள் பழைய தொடர்களை மறு ஒளிபரப்புச் செய்தன; 2002இல் வந்த ‘மெட்டி ஒலி’யை அப்போது பிறந்திராத பிள்ளைகளும் உட்கார்ந்து பார்த்தனர். மே மாதத்தில் அரசு முதலில் இருபது பேரோடும், பின்னர் அறுபது பேரோடும் படப்பிடிப்பு நடத்த அனுமதித்தது. கூட்டுக் குடும்பக் கதையை, காமிராக்காரரையும் சேர்த்து இருபது பேரில் எடுப்பது எப்படி என்ற வினாவுக்கு விடை காணும் பொறுப்பும் அதே மேஜைக்குத்தான் போயிருக்கும்.

இந்த உத்தியோகத்தின் தன்மையைப் பொதுவாகச் சொல்லிக்கொண்டு போவதைவிட, ஒருவரின் வாழ்க்கையைச் சொல்வது மேல். நீங்கள் எட்டு ஆண்டுகள் கண்ட ‘சந்திரலேகா’வை மறந்திருக்க மாட்டீர்கள். 2014 அக்டோபரில் தொடங்கி 2022 அக்டோபரில் முடிந்த அந்தத் தொடரையும், அதற்கு முன்பே 2012இல் தொடங்கி 2019 வரை ஓடிய ‘வள்ளி’யையும் தயாரித்தது சரிகம நிறுவனம். நாய் உட்கார்ந்து கேட்கும் படம் போட்ட இசைத்தட்டுகளை நம் பாட்டனார் காலத்தில் விற்ற கிராமபோன் கம்பெனியே இப்போது அந்தப் பெயரில் இருக்கிறது என்பதைப் போகிற போக்கில் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் உதவும். அந்நிறுவனத்தின் தென்னாட்டுத் தொலைக்காட்சிப் பிரிவுக்கு நீண்ட காலம் தலைமை வகித்தவர் பி. ஆர். விஜயலட்சுமி அம்மையார்.

அவர், ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ (1959), ‘கப்பலோட்டிய தமிழன்’ (1961), ‘கர்ணன்’ (1964), ‘ஆயிரத்தில் ஒருவன்’ (1965) ஆகிய படங்களைத் தந்த பி. ஆர். பந்துலுவின் புதல்வி. பந்துலு 1974இல் காலமானார். தகப்பனாரின் பெயரால் அவருக்குத் திறந்திருக்கக்கூடிய கதவுகள் பல. அவர் தேர்ந்ததோ, பெண்கள் எவரும் அதுவரை நுழைந்திராத ஒரு கதவு. ஒளிப்பதிவாளர் அசோக்குமாரிடம் உதவியாளராகச் சேர்ந்து, கனத்த காமிராவையும் அதைவிடக் கனத்த பரிகாசத்தையும் தாங்கிப் பழகி, 1985இல் பாக்யராஜின் ‘சின்ன வீடு’ படத்தின் மூலம் தனி ஒளிப்பதிவாளரானார். ஆசியாவிலேயே முதல் பெண் ஒளிப்பதிவாளர் என்று பத்திரிகைகள் எழுதின. மறு ஆண்டு ‘அறுவடை நாள்’. இவ்வாறு சுமார் இருபது படங்கள். 1995இல் எஸ். பி. பாலசுப்ரமணியம் நடிக்க, இளையராஜா இசையமைக்க, ‘பாட்டு பாடவா’ என்ற படத்தைத் தாமே இயக்கினார். அதன்பின் அவருடைய உழைப்பின் பெரும்பகுதி தொலைக்காட்சிக்குப் போயிற்று. இருபது ஆண்டுகளுக்கு மேல் கழித்து 2018இல் ‘அபியும் அனுவும்’ படத்தோடுதான் இயக்குநராக மீண்டும் வெள்ளித்திரைக்கு வந்தார்.

இந்த வரலாற்றைக் கேட்டவுடன், ‘ஐயோ, எத்தகைய ஒளிப்பதிவாளர் போய் சீரியலில் மாட்டிக்கொண்டார்’ என்று கலாரசிகர்கள் பெருமூச்சு விடுவதுண்டு. அந்தப் பெருமூச்சில் பாதியை நானும் ஒப்புக்கொள்கிறேன். ஒரு நல்ல ஒளிப்பதிவாளரைத் தமிழ்ச் சினிமா வைத்துக்கொள்ளத் தெரியாமல் இழந்தது என்பது என் அபிப்பிராயம். மற்றப் பாதியை ஒப்புக்கொள்ள மாட்டேன். ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். ‘சந்திரலேகா’ ஒன்றே 2,300 அத்தியாயங்களுக்கு மேற்பட்டது. அத்தியாயத்துக்கு இருபத்திரண்டு நிமிஷம் என்று கொண்டாலும் எண்ணூறு மணி நேரத்தைத் தாண்டுகிறது. இரண்டரை மணி நேரத் திரைப்படங்களாக அதை அளந்தால் முந்நூறு படங்களுக்கு மேல் ஆகும். பந்துலு தம் ஆயுள் முழுவதும் எடுத்தவை இதில் ஒரு சிறு பின்னமே. ‘கர்ணன்’ 2012இல் புதுப்பிக்கப்பட்டு மீண்டும் திரையரங்குகளுக்கு வந்தபோது ஜனங்கள் திரண்டு சென்று பார்த்தார்கள். அத்தகைய மறுபிறவி ஒரு பிற்பகல் தொடருக்கு எளிதில் வாய்க்காது என்பது மெய். ஆனால் தகப்பனார் எடுத்தது தேர்த்திருவிழா. மகள் ஏற்றது நித்தியப்படி. திருவிழாவுக்கு வரும் கூட்டம் நித்தியப்படி பூஜைக்கு வருவதில்லை. ஆயினும் கோயில் நடப்பது எதனால் என்று மலையடிவாரத்தில் குடியிருப்பவர்களுக்குத் தெரியும்.

இங்கே விநோதமான ஒன்றையும் கவனிக்க வேண்டும். நீங்கள் பிற்பகல் தொடரை எவ்வாறு பார்க்கிறீர்கள்? மடியில் மல்லிகை அரும்பும் விரலில் நாரும், அல்லது முறத்தில் அரிசியும் அதில் கல்லும், அல்லது அடுப்பில் பாலும் அதன்மேல் ஒரு கண்ணும் வைத்துக்கொண்டு, திரையைப் பார்ப்பதைவிடக் கேட்பதே அதிகம். கதவு தட்டினால் எழுந்து போகிறீர்கள். குழாயில் தண்ணீர் வந்தால் குடத்தோடு போகிறீர்கள். திரும்பி வருவதற்குள் கதை உங்களைவிட்டுப் போய்விடக் கூடாது. அதனால்தான் பிற்பகல் தொடரில் மாமியார் சொன்னதை மருமகள் திரும்பச் சொல்கிறாள், மருமகள் சொன்னதை நாத்தனார் அண்ணனிடம் சொல்கிறாள், அதற்கும் மேல் ஒரு வசனம் எதிரொலியாக மும்முறை ஒலிக்கிறது. அறிவாளிகள் பரிகசிக்கும் அந்த இழுவையில் ஒரு பகுதி, எழுந்து போய்த் திரும்பி வருகிறவர்களுக்குச் செய்யும் மரியாதை. வெளிச்சத்தையும் நிழலையும் கொண்டு கதை சொல்லக் கற்ற ஒருவர், கண்ணைவிடக் காதை நம்பும் ஒரு கதை வடிவத்துக்குத் தலைமை தாங்கினார் என்பதும், அதைத் தயாரித்தது இசைத்தட்டுக் கம்பெனியாகப் பிறந்த நிறுவனம் என்பதும் தற்செயலாக இருக்கலாம். ஆனால் தொலைக்காட்சியில் வந்தாலும் பிற்பகல் தொடர் தன் ஜாதகத்தில் வானொலியைச் சேர்ந்தது என்பது தற்செயலன்று.

அந்த ஜாதகம் எழுதப்பட்டது அமெரிக்காவின் சிகாகோ நகரில். பள்ளி ஆசிரியையாக இருந்த இர்னா பிலிப்ஸ் என்ற அம்மையார் 1930இல் அந்நகரத்து வானொலி நிலையமொன்றில் ‘பெயிண்டட் ட்ரீம்ஸ்’ என்ற குடும்பக் கதையை நாள்தோறும் பகல் வேளையில் சொல்லத் தொடங்கினார். வீட்டு வேலை செய்துகொண்டே கேட்கும் பெண்களுக்கென்று அமைந்த கதை; செலவை ஏற்க வந்தவர்கள் சோப்பும் உணவுப் பண்டமும் விற்கும் கம்பெனிக்காரர்கள். அந்தக் கதை யாருக்குச் சொந்தம் என்று நிலையத்தாருக்கும் அவருக்கும் வழக்கு மூண்டது, அவர் தோற்றார். தோற்றவர் கற்ற பாடம் பெரிது: அதற்குப்பின் தாம் படைத்த தொடர்களின் உரிமையைத் தம் கையிலேயே வைத்துக்கொண்டு, எழுத்தும் நிர்வாகமும் ஒரே ஆளிடம் இருக்கும் முறையை நிலைநாட்டினார். 1937இல் அவர் வானொலியில் தொடங்கிய ‘கைடிங் லைட்’ 1952இல் தொலைக்காட்சிக்குக் குடிபெயர்ந்து, அவர் 1973இல் மறைந்த பின்னும் தொடர்ந்து, 2009இல்தான் முடிந்தது. எழுபத்திரண்டு ஆண்டுகள்! நம் ஊரில் தாத்தா காலத்து நிலத்தகராறு ஒன்றுக்குத்தான் அத்தனை ஆயுள் உண்டு.

உரிமையைக் கையில் வைத்துக்கொள்ளும் அந்த வழியைத் தமிழில் தேர்ந்தவர் ராதிகா. 1978இல் ‘கிழக்கே போகும் ரயில்’ மூலம் நடிக்க வந்தவர், சொந்த நிறுவனமாகிய ராடானைக் கொண்டு, 1999 இறுதியில் தொடங்கிய ‘சித்தி’யில் தாமே நாயகியாகவும் முதலாளியாகவும் நின்றார்; அதன்பின் ‘அண்ணாமலை’, ‘செல்வி’, ‘அரசி’, ‘செல்லமே’, ‘வாணி ராணி’ என்று ஏறத்தாழ இருபது ஆண்டுகள் இரவுச் சாப்பாட்டு வேளை அவர் வசம் இருந்தது. அவருடைய சாமர்த்தியத்தைத் தனியே ஒரு மடலில்தான் எழுத வேண்டும்; இரவுத் தொடரின் இராஜ்யம் வேறு, பகல் தொடரின் இராஜ்யம் வேறு. இரவில் விளம்பரக் கட்டணம் அதிகம், நட்சத்திரம் உண்டு, பத்திரிகையில் படம் வரும். பகலில் செலவைச் சுருக்கி, பெயரில்லாமல், நீண்ட காலம் நடத்த வேண்டும்.

பகல் தொடரிலும் ஒரு நிர்வாகத் தயாரிப்பாளர் நினைத்தால் காரியம் எவ்வளவு மாறும் என்பதற்கு ஒரே ஓர் உதாரணம். 1978இல் அமெரிக்காவின் ஏ.பி.சி. நிறுவனம் ‘ஜெனரல் ஹாஸ்பிட்டல்’ என்ற பகல் தொடரை மூடிவிடும் தறுவாயில், குளோரியா மாண்ட்டி என்ற அம்மையாரிடம் அதை ஒப்படைத்தது. அவர் காட்சிகளைச் சுருக்கினார், நடையை வேகப்படுத்தினார், இளம் பாத்திரங்களை முன்னே கொண்டுவந்தார். 1981 நவம்பரில் அத்தொடரில் நடந்த ஒரு கல்யாணத்தைச் சுமார் மூன்று கோடிப் பேர் பட்டப்பகலில் பார்த்தார்கள். அந்தக் கல்யாணத்தின் மாப்பிள்ளை அதே பெண்ணை முன்னர் பலாத்காரம் செய்தவன் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். அதைக் காதல் கதையாக மாற்றியது பெரிய கண்டனத்துக்கு உள்ளாயிற்று. அந்தப் புத்துயிரும் அந்த அநியாயமும் ஒரே மேஜையிலிருந்து வந்தவைதாம்.

ஆகையால், சகோதரிகளே, இழுவையை நான் மன்னிக்கச் சொன்னதை எல்லாவற்றையும் மன்னிக்கச் சொன்னதாகக் கொள்ள வேண்டாம். பாலில் விஷம் கலப்பதையும், கர்ப்பிணியைப் படியிலிருந்து தள்ளுவதையும் வாரத்துக்கொரு முறை செய்யாவிட்டால் கதை நகராது என்ற மூடநம்பிக்கை நம் தொடர்காரர்களிடம் வேரூன்றிவிட்டது. பெண்ணுக்குப் பெண்ணே சத்துரு என்பதைத் தவிர வேறு தத்துவம் அவர்களுக்குத் தெரிவதில்லை. இன்னொரு குறையும் உண்டு. அது உங்களில் பலர் சொல்லி நான் கேட்டதே: அந்தக் கதைகளில் எவரும் வேலைக்குப் போய்த் திரும்புவதில்லை. கிழக்குக் கடற்கரைச் சாலையை ஒட்டிய பங்களாக்களில் பட்டுப்புடவையோடு உறங்கி எழுகிறார்கள். ரேஷன் கடையும் மகளிர் குழுத் தவணையும் நூறு நாள் வேலையும் அங்கே கிடையா. மாமல்லபுரக் கடற்கரை அவர்களுக்கு ஆள் கடத்தும் இடம். அங்கே உளிபிடித்துக் கல்லைச் செதுக்குகிறவனின் வீட்டில் ஒரு கதை இருக்கக்கூடும் என்பது எந்த மேஜைக்கும் இன்னும் எட்டவில்லை.

எட்டாததற்குக் காரணம் உண்டு. நிர்வாகத் தயாரிப்பாளர் உங்களைக் காண்பதில்லை. வியாழக்கிழமை தோறும், பார்வையாளரைக் கணக்கெடுக்கும் பார்க் நிறுவனம் வெளியிடும் டி.ஆர்.பி. எண்ணைக் காண்கிறார். நாடு முழுவதற்குமாக ஐம்பதாயிரத்துக்கு மேற்பட்ட வீடுகளில் மட்டும், இன்ன வீடு என்று வெளியில் தெரியாமல் பொருத்தப்பட்ட கருவிகளே உங்கள் எல்லோருக்குமாகச் சாட்சி சொல்கின்றன. எந்தச் சேனல் ஓடியது, எவ்வளவு நேரம் ஓடியது என்பதே அந்தச் சாட்சியம். முகம் சுளித்துக்கொண்டே பார்த்தீர்களா, கண் கலங்கிப் பார்த்தீர்களா, பூக்கட்டும் அவசரத்தில் மாற்ற மறந்தீர்களா என்பது அதில் பதிவாவதில்லை. விஷப்பாலைக் கண்டு நீங்கள் ‘தூ’ என்று சொன்ன அதே வாரத்தில் எண் கூடிவிட்டால், மறு வாரம் இரண்டு டம்ளர் விஷப்பால் வரும். எண் நன்றாக இருக்கும் வரை சுபம் போடவும் எவருக்கும் மனம் வராது. பாவம், அந்த மேஜையில் இருப்பவருக்கு வேறு செய்தி எதுவும் போய்ச் சேரவில்லை.

உங்களை அறிந்த ஒருத்தியே அந்த மேஜைக்குப் போய்ச் சேர்வது இதற்கு ஒரு வழி. உங்கள் பெண்களில் சிலர் செங்கல்பட்டுக்கும் சென்னைக்கும் சென்று விஷுவல் கம்யூனிகேஷன் படிக்கிறார்கள். தரமணியில் அரசுத் திரைப்படக் கல்லூரியும் இருக்கிறது. அவர்களில் எவளேனும் இந்த உத்தியோகத்தை விரும்பினால் தடுக்காதீர்கள். அவளுக்குக் காமிராவும் எடிட்டிங்கும் அங்கே சொல்லிக்கொடுப்பார்கள். இருபது பேருக்கு ஆகும் சாமானில் நாற்பது பேருக்குக் கல்யாண விருந்து போட்ட சாமர்த்தியத்தையும், பேசாத இரண்டு சம்பந்திகளை ஒரே பந்தியில் உட்காரவைத்த நயத்தையும் நீங்கள்தாம் சொல்லிக்கொடுக்க வேண்டும். உறக்கம் குறையும், புகழ் வராது என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுங்கள். அவள் அந்த மேஜைக்குப் போய்ச் சேர்ந்தால் நம் தெருவையும் கூடவே கொண்டுபோவாள் என்ற சுயநலமும் எனக்கு உண்டு.

அதுவரை ஒரு காரியம் செய்யலாம். பொழுதுபோக்குச் சேனல்களின் நிகழ்ச்சிகளைப் பற்றிய புகார்களை விசாரிக்க, ஒளிபரப்பாளர்கள் தாமே 2011இல் ஒரு மன்றம் அமைத்திருக்கிறார்கள். ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர் தலைமையில் அது நடக்கிறது. வரம்பு மீறிய காட்சிகளை அங்கே எழுதுங்கள். மற்றவற்றைச் சேனலுக்கும் தயாரிப்பு நிறுவனத்துக்கும் எழுதுங்கள். பிடிக்காததை மட்டுமன்றி, பிடித்ததையும் எழுதுங்கள். மகளிர் குழுக் கூட்டத்தில் தவணை வசூல் முடிந்த பின் பத்துப் பேர் சேர்ந்து ஒரு கடிதம் எழுதக் கால்மணி நேரம்கூட ஆகாது. எழுதும்போது நடிகையின் பெயரோடு நிறுத்திவிடாமல், பெயர்ப்பட்டியலில் வரும் நிர்வாகத் தயாரிப்பாளரின் பெயரையும் குறித்து, அவருக்கே முகவரியிடுங்கள். அந்தப் பட்டியல் வெகு வேகமாக ஓடும். பேனாவை முன்பே கையில் எடுத்து வைத்துக்கொள்வது நல்லது.

இங்ஙனம்,
மலையடிவாரத்தில் குடியிருக்கும் உங்கள் ஊரான் ஒருவன்